பொற்கொடி சொன்னதில் பாதி

டிவிக்காரர்களுக்குக் கடல் வேண்டுமாம். ஓசூரில் கடலுக்கு எங்கே போவது? கடல் மட்டத்துக்கு ஏறக்குறைய தொள்ளாயிரம் மீட்டர் மேலே இருக்கிற ஊர் இது. நிஜக் கடற்கரை வரைக்கும் வண்டி எடுத்துப்போக அவர்களுக்கு மனசு வரவில்லை. பெங்களூரிலிருந்து ஒரு மணி நேரத்தில் வந்துவிடலாம் என்பதற்காகத்தான் என் மனைவியைத் தேடிப் பிடித்தார்கள் என்பது எனக்குப் பிறகுதான் உறைத்தது.

கடைசியில் கெலவரப்பள்ளி அணைக்குப் போனோம். அன்றைக்கு ஆற்றில் கழிவு நுரை. மதகுக்குக் கீழே ஆள் உயரத்துக்குக் குவிந்து, காற்றில் துண்டு துண்டாகப் பறந்து வயலில் விழுந்துகொண்டிருந்தது. மூக்கைப் பொத்தாமல் நிற்க முடியாது. டைரக்டர் அதைப் பார்த்துவிட்டு, “இதுதான் சார் வேணும், அப்படியே அலை மாதிரி இருக்கு” என்றார். டிவியில் வந்தபோது அது அலையாகத்தான் தெரிந்தது. நாறுகிற நுரையை நாலு நிமிடத்தில் வங்கக் கடலாக்கிய ஆட்கள், என் மனைவியின் பேச்சை என்ன ஆக்குவார்கள் என்று எனக்கு அங்கேயே தோன்றியிருக்க வேண்டும். தோன்றவில்லை. அவளுடைய கைப்பையைப் பிடித்துக்கொண்டு பெருமையாக நின்றிருந்தேன்.

என் பெயர் திருமலை. சொந்த ஊர் கெலமங்கலம். ஓசூரில் வண்டிகளுக்குப் பாகம் செய்கிற ஒரு கம்பெனியில் பதினான்கு வருடமாக குவாலிட்டியில் இருக்கிறேன். அளவு ஒரு முடி அளவுக்குத் தப்பினாலும் பாகத்தில் சிவப்பு அட்டை கட்டித் தூக்கிப் போடுவதுதான் என் வேலை. அதனால் கம்பெனியில் எனக்குச் சிடுமூஞ்சி என்று பெயர். நான் எழுதவந்தது என்னைப் பற்றி இல்லை, பொற்கொடியைப் பற்றி. ஆனால் கோபம் என்னுடையது. அவளுக்குக் கோபப்படத் தெரியாது. அவள் பங்குக்கும் சேர்த்து நான்தான் படவேண்டியிருக்கிறது.

பொற்கொடி கல்லூரியில் வரலாறு நடத்துகிறாள். கௌரவ விரிவுரையாளர். கௌரவம் பெயரோடு சரி, ஒவ்வொரு கோடையிலும் வேலை போய்விட்டுக் கல்லூரி திறந்ததும் திரும்பி வரும். எட்டு வருடம் முன்னால் அந்த வேலைக்காக ஓசூருக்கு வந்தவள், என் அக்கா வீட்டு மாடியில் வாடகைக்கு இருந்தாள். அப்படித்தான் எங்களுக்குப் பழக்கம், பிறகு கல்யாணம். அவள் முனைவர் பட்டம் வாங்கியது கடற்கொள்ளையர்களைப் பற்றி. மலைமேல் உட்கார்ந்துகொண்டு கடற்கொள்ளை ஆராய்ச்சியா என்று என்னைக் கிண்டல் செய்யாத ஆள் ஷிப்டில் இல்லை. வீட்டம்மா புதையலை எங்கே வைத்திருக்கிறார் என்று கேன்டீனில் கேட்பார்கள். சிரித்துக்கொள்வேன். அவள் ஏன் அதைப் படித்தாள் என்பதை அவர்களிடம் சொன்னதில்லை.

தரங்கம்பாடிக்குத் தெற்கே ஒரு மீனவக் குப்பம் அவள் ஊர். அங்கே அவள் வீட்டுக்கு ‘கொள்ளைக்காரன் வீடு’ என்று பெயர். முன்னூறு வருடம் ஆகப்போகிறது, பெயர் போகவில்லை. அவள் முன்னோர் நாகமுத்து என்று ஒருவர், படகு வைத்திருந்தவர். அவரைக் கடற்கொள்ளைக்காரன் என்று பிடித்து வெள்ளைக்காரக் கம்பெனி கரையிலேயே தூக்கில் போட்டது. அன்றிலிருந்து ஊரில் சண்டை வந்தால் முதலில் வருவது அந்தப் பேச்சுதான். தேர் இழுக்கும்போது வடத்தை முதலில் தொடுகிற வரிசையில் அந்த வீட்டுக்கு இடமில்லை. என் மாமனார் தங்கதுரை இருபத்தைந்து வயதில் இதற்காக ஒருவனை அடித்துவிட்டு, தானும் முன்பல் ஒன்றை இழந்தவர். “எங்க தாத்தன் திருடன் இல்ல” என்பதை அவர் ஒரு வேண்டுதல் மாதிரி வாழ்நாள் முழுக்கச் சொல்லிவந்தார். சொல்வதற்கு ஆதாரம் எதுவும் அவரிடம் இல்லை. ஒரு வழக்கம் மட்டும் இருந்தது.

ஆடி அமாவாசைக்கு எல்லாரும் எள்ளும் தண்ணீரும் விடுவார்கள். இந்த வீட்டில் அதோடு ஒரு கையளவு மரப்படகு செதுக்கித் தண்ணீரில் விடுவார்கள். “தாத்தனுக்குப் படகத் திருப்பிக் குடுக்கறோம்” என்பார்கள். யார் எடுத்த படகை யார் திருப்பிக் கொடுப்பது என்று கேட்டால் யாருக்கும் தெரியாது. அத்தை இறந்த பிறகு மாமாவை நாங்கள் ஓசூருக்கு அழைத்து வந்துவிட்டோம். வந்த நாலு வருடமும் அவர் வழக்கத்தை விடவில்லை. இறக்குமதி மிஷின் வரும் மரப்பெட்டியை உடைத்துக் கம்பெனியிலிருந்து நான் பலகை கொண்டுவருவேன். அதில் செதுக்குவார். அமாவாசையன்று விடிகாலையில் தேன்கனிக்கோட்டை, அஞ்செட்டி வழியாகப் பஸ் பிடித்து ஒகேனக்கல் போவோம். “இந்தத் தண்ணி எப்புடியும் நம்ம கடலுக்குத்தான் போவும் மாப்ள” என்று சொல்லிவிட்டுப் படகைக் காவிரியில் விடுவார். இத்தாலிக்காரன் பெட்டி மரம், அதில் பாதி அழிந்த ஏற்றுமதி முத்திரையோடு, நாகமுத்துவைத் தேடிப் போகும்.

பொற்கொடி பதினோரு வருடம் தேடினாள். லீவு விட்டால் சென்னை ஆவணக் காப்பகம். தூசியில் அவளுக்கு மூச்சுத் திணறல் வந்து, மாத்திரையோடு போய்வருவாள். நாகமுத்துவைக் குற்றம் சாட்டிய கடிதம் முதலிலேயே கிடைத்துவிட்டது. கம்பெனி அதிகாரி ஒருவன் எழுதியது. ஈவிரக்கமில்லாத கொள்ளைக்காரன், கம்பெனிப் படகைக் கடத்தியவன், காவலாளைக் கடலில் வீசியவன் என்று இரண்டு பக்கம். போன வருடம் டிசம்பரில், பனைமரம் வாங்கிய காகிதங்களோடு தப்பாகச் சேர்த்துக் கட்டப்பட்டிருந்த ஒரு தாள் கிடைத்தது. அதே அதிகாரி, அதே கையெழுத்து, மூன்று மாதம் முந்திய தேதி. கம்பெனிச் சரக்கைக் கூலியில்லாமல் ஏற்ற மறுத்ததால் நாகமுத்து என்பவனின் சொந்தப் படகைப் பறிமுதல் செய்ய உத்தரவு. அவ்வளவுதான் விஷயம். நாகமுத்து கடத்தியதாகச் சொன்னது அவருடைய சொந்தப் படகையே. அதற்குத்தான் கயிறு.

அன்று சென்னையிலிருந்தே எனக்குப் போன் செய்தாள். ஊருக்கு வந்ததும் மாமாவிடம் சொல்லிவிடலாம் என்றேன். வேண்டாம் என்றாள்.

“அப்பாகிட்ட மட்டும் சொன்னா என்னங்க ஆகும்? அவருக்குத்தான் ஏற்கனவே தெரியுமே. ஊருக்குத் தெரியணும். ஊரே கேக்கும்போது அவரும் கூட உக்காந்து கேக்கணும்.”

அந்த நேரம் பார்த்துத்தான் லாவண்யா என்கிற பெண் பெங்களூரிலிருந்து போன் செய்தாள். கடற்கொள்ளையர்களைப் பற்றி ஆறு பாகத்தில் ஒரு தொடர் எடுக்கிறார்கள், தமிழில் பேச நிபுணர் வேண்டும், மேம் எழுதிய கட்டுரையைப் படித்தோம், மேம்தான் பேச வேண்டும். ஒரு வாக்கியத்துக்கு மூன்று மேம். பொற்கொடி இரண்டு நாள் யோசித்துச் சரி என்றாள். நாகமுத்துவைப் பற்றிச் சொல்ல விட்டால்தான் வருவேன் என்று நிபந்தனை போட்டாள். “கண்டிப்பா மேம், அதுதான் எங்களுக்கு வேணும்” என்றாள் லாவண்யா. அதில் பொய் எதுவும் இல்லை. அதுதான் அவர்களுக்கு வேண்டியிருந்தது.

இங்கே பொற்கொடி பாடம் நடத்துகிற விதத்தைச் சொல்லியாக வேண்டும். அவள் எப்போதும் எதிராளி பக்கத்திலிருந்துதான் ஆரம்பிப்பாள். குற்றம் சாட்டுகிறவன் என்ன சொல்கிறானோ அதை அவன் வாயாலேயே, அவனே கேட்டாலும் கைதட்டுகிற மாதிரி, முழுசாகச் சொல்வாள். கேட்கிறவர்கள் அதை நம்பிவிடுவார்கள். அப்புறம் நிறுத்தி, கொஞ்சம் தண்ணீர் குடித்துவிட்டு, ஒவ்வொரு செங்கல்லாக உருவுவாள். “எதிராளி பேச்சைப் பலவீனமாக்கி உடைக்கறது ஏமாத்து வேலை” என்பாள். ஒருமுறை வெள்ளைக்காரன் போட்ட காட்டுச் சட்டம் பற்றிய வகுப்பில், அஞ்செட்டி மலைக்கிராமத்திலிருந்து வந்த மாணவி ஒருத்தி பாதியில் எழுந்து, “மேடம், நீங்க யாரு பக்கம்?” என்று சத்தம் போட்டாளாம். மணி அடிக்கட்டும், சொல்கிறேன் என்றாளாம் இவள். மணி அடித்தபோது அந்தப் பெண் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தாளாம். இதை என்னிடம் எவ்வளவு சந்தோஷமாகச் சொன்னாள் தெரியுமா?

அணையிலும் அப்படித்தான் பேசினாள். நுரைக்கு முன்னால், அவர்கள் கட்டச் சொன்ன நீலப் புடவையில், அந்தக் கடிதத்தை மனப்பாடமாகச் சொன்னாள். “நாகமுத்து ஈவிரக்கமில்லாத கொள்ளைக்காரன். இந்தக் கரையில் அவன் பெயரைச் சொன்னால் குழந்தைகள் அழுகையை நிறுத்தும்.” கண்ணில் அந்த அதிகாரியே வந்து உட்கார்ந்த மாதிரி இருந்தது. கேமராக்காரர் வாயைப் பிளந்துகொண்டு பார்த்தார். அப்புறம் நிறுத்தினாள். தண்ணீர் குடித்தாள். “இது கம்பெனிக்காரன் சொன்ன கதை. இப்போது அவனே மூன்று மாதம் முன்னால் எழுதிய இன்னொரு காகிதத்தைப் பார்ப்போம்” என்று மீதியைச் சொன்னாள். அந்த மீதியைச் சொல்லும்போது இரண்டு தடவை லாரி ஹாரன் குறுக்கே வந்தது.

டைரக்டர் கேமராக்காரரிடம் கன்னடத்தில் சொன்னார்: “மொதல்னே அர்தானே சாக்கு, பாக்கி பேடா.” முதல் பாதியே போதும், மீதி வேண்டாம் என்று அர்த்தம். எனக்குக் கன்னடம் தாய்மொழி மாதிரி. கெலமங்கலம் சந்தையில் காய் விற்ற வீட்டில் பிறந்தவனுக்குத் தமிழ், தெலுங்கு, கன்னடம் மூன்றும் ஒரே வாயில் வரும். எனக்குத் தெளிவாகக் கேட்டது. ஹாரன் விழுந்ததை மறுபடி எடுக்க வேண்டியதில்லை என்கிறார், அவ்வளவு திருப்தியாக இருக்கிறது போல என்று நினைத்துக்கொண்டேன். அந்தக் கணத்தை நினைத்தால் என்னை நானே அறைந்துகொள்ளலாம் போலிருக்கிறது.

முடிந்ததும் லாவண்யா காரின் முகப்பில் ஒரு படிவத்தை வைத்தாள். இங்கிலீஷில் ஒரே பக்கம், எறும்பு வரிசை மாதிரி எழுத்து. முன்னூறு வருடத்துத் தாளில் ஒரு எழுத்து மங்கியிருந்தால் பூதக்கண்ணாடி வைத்து மூன்று நாள் பார்க்கிற பொற்கொடி, “எங்கே போடணும்?” என்று மட்டும் கேட்டாள். சாட்சிக்கு ஒரு கையெழுத்து வேண்டும் என்றார்கள். ஒரு வாஷரைக்கூட அளக்காமல் விடாத நான், பேனாவை வாங்கிப் போட்டேன். பதிவு செய்ததை அவர்கள் இஷ்டப்படி வெட்டலாம், சேர்க்கலாம், எங்களுக்குக் கேட்கிற உரிமை கிடையாது என்று அதில் இருந்ததைப் பிறகுதான் படித்தோம். படிக்கத் தெரிந்த இரண்டு பேர், வெயிலில் நின்று, எங்கள் தலையை நாங்களே நீட்டிக் கொடுத்தோம்.

ஜூலையில் ஒரு ஞாயிற்றுக்கிழமை பதினோரு மணிக்கு ஒளிபரப்பு. மகள் டிவியில் தாத்தனைப் பற்றிப் பேசப்போகிறாள் என்று மாமா ஒரு வாரமாக எல்லாரிடமும் சொல்லிவைத்திருந்தார். அவர் ஊர்ப்பக்கத்திலிருந்து வந்து ஓசூர் கம்பெனிகளில் வேலை செய்கிற எட்டுப் பேர் வந்தார்கள். அதில் கமலக்கண்ணன் என்பவன், மாமா அந்தக் காலத்தில் ஒருவனை அடித்தாரே, அந்த ஆளுடைய பேரன். “நீதாண்டா முக்கியமா பாக்கணும்” என்று மாமாவே அவனைக் கூப்பிட்டிருந்தார். கீழ்வீட்டுக் காளியம்மாள் சுண்டல் செய்து கொண்டுவந்தார். மாமா சலவைச் சட்டை போட்டுக்கொண்டு டிவிக்கு நேர் எதிரே உட்கார்ந்தார். பொற்கொடி அவர் முகம் தெரிகிற மாதிரி, டிவிக்குப் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டாள்.

மண்டையோட்டுக் கொடி, வெடிச்சத்தம், ரத்தச் சிவப்பில் தலைப்பு. நாகமுத்துவாக ஜிம்முக்குப் போகிற எவனோ ஒருவன், ஒற்றைக் கண்ணில் கறுப்புத் துணி கட்டி, பல்லில் கத்தியைக் கடித்துக்கொண்டு வந்தான். பிறகு பொற்கொடி வந்தாள். பின்னால் கெலவரப்பள்ளி நுரை. கீழே ‘கடற்கொள்ளை நிபுணர்’ என்று எழுத்து. “நாகமுத்து ஈவிரக்கமில்லாத கொள்ளைக்காரன்” என்றாள். குழந்தைகள் அழுகையை நிறுத்தியதைச் சொன்னாள். காவலாளைக் கடலில் வீசியதைச் சொன்னாள். வெடிச்சத்தம் போட்டார்கள். அடுத்து தூக்குக் கயிறு. அடுத்து விளம்பரம்.

விளம்பரம் முடிந்து மீதி வரும் என்று நான் காத்திருந்தேன். வேறு கடல், வேறு கொள்ளைக்காரன் வந்தான்.

கமலக்கண்ணன்தான் முதலில் எழுந்தான். நல்ல பையன்தான், சிரிக்கக்கூட இல்லை. “அப்ப ஊர்ல சொன்னது சரிதான் போல தாத்தா” என்று சொல்லிவிட்டுச் செருப்பை மாட்டினான். மற்றவர்களும் ஒருவர் பின்னால் ஒருவராகப் போனார்கள். சுண்டல் அப்படியே இருந்தது. மாமா டிவியை அணைத்தார். “நல்லாப் பேசுன புள்ள” என்றார். எழுந்து உள்ளே போனார்.

பொற்கொடி பின்னாலேயே ஓடினாள். “அப்பா, அது பாதிதான்பா. மீதிய வெட்டிட்டாங்க. இருங்க, காகிதத்தக் காட்டறேன்.” கோப்பை எடுத்துவந்து கட்டிலில் உட்கார்ந்து ஆரம்பித்தாள். பழக்க தோஷம், எங்கிருந்து ஆரம்பித்தாள்? “கம்பெனி அதிகாரி எழுதின கடிதத்துல நாகமுத்து ஒரு…” மாமா கையை நீட்டித் தடுத்தார்.

“போதும்மா. அதான் டிவிலயே கேட்டன்ல.”

மறுநாளும் ஒருமுறை முயன்றாள். அவர் துண்டை எடுத்துத் தோளில் போட்டுக்கொண்டு ராமநாயக்கன் ஏரிப் பக்கம் நடக்கக் கிளம்பிவிட்டார். அதற்குப் பிறகு அவள் அந்தக் கோப்பைத் தொடவில்லை.

நான் லாவண்யாவுக்குப் போன் போட்டேன். “சார், மேம் சொன்ன வார்த்தைதான் சார் எல்லாம். நாங்க ஒரு வார்த்தைகூடச் சேர்க்கல” என்றாள். இதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை. உண்மைதானே! ஒரு வார்த்தை சேர்க்கவில்லை. நான் முத்திரை குத்தி அனுப்பிய ஷாஃப்டைப் பாதியில் அறுத்து, என் முத்திரை இருக்கிற பாதியை மட்டும் வண்டியில் மாட்டி, அது உடைந்து ஆள் விழுந்தால், நாங்கள் இரும்பு எதுவும் சேர்க்கவில்லையே என்று சொல்வார்களா?

லீவு போட்டுவிட்டுப் பெங்களூருக்கே போனேன். கண்ணாடிக் கட்டடம். வாட்ச்மேனிடம் கன்னடத்தில் சண்டை போட்ட பிறகு லாவண்யா கீழே இறங்கி வந்தாள், எனக்கு ஒரு காபி வாங்கிக் கொடுத்தாள். பாவம், அவளுக்கும் வேலைதான். எனக்குப் பாவம் பார்க்கிற மனநிலை இல்லை. மீதியையும் போடுங்கள், இரண்டு நிமிடம்தானே என்றேன். “ரெண்டு பக்கமும் சொன்னா சேனல் மாத்திடறாங்க சார். கொள்ளைக்காரன் தொடர்ல ஒருத்தர் கொள்ளைக்காரனே இல்லைன்னா அப்புறம் அவர் எதுக்கு சார் இந்தத் தொடர்ல?” என்றாள். அப்படியானால் வைத்திருக்கிற பதிவையாவது எங்களுக்குக் கொடுங்கள் என்றேன். அழித்துவிட்டோம் என்றாள். கிளம்பும்போது, அடுத்த தொடருக்கும் மேம் வருவார்களா, மேம் முகம் நன்றாக எடுபட்டிருக்கிறது என்றாள். காபியை அந்த மேஜையிலேயே வைத்துவிட்டு வந்தேன். ஒரு வாய்கூடக் குடிக்கவில்லை.

திரும்பி வந்து மாமாவிடம் நானே பேசிப் பார்த்தேன். அவர் மாடிப்படியில் உட்கார்ந்திருந்தார்.

“வெட்டினது மாமா. நான் பக்கத்துல நின்னு கேட்டேங்க. மீதிய அவ சொன்னா.”

“அவ மனசு நோவக்கூடாதுன்னு நீங்க சொல்றீங்க மாப்ள.”

“இல்ல மாமா, நெஜமாத்தான் சொல்றேன்.”

“நாலு பேரு சொன்னா சண்ட போடலாம். போட்டன், பல்லும் போச்சு. எம் புள்ள சொல்லிபுட்டா. படிச்சவ. பதினோரு வருசம் மாத்தரயப் போட்டுகிட்டுப் போயிப் போயிப் பாத்துட்டுச் சொல்றா. அவகிட்ட எப்புடிச் சண்ட போடறது? நாந்தான் தெரியாம இத்தன வருசம் கத்திகிட்டுத் திரிஞ்சிருக்கன்.”

கோபமாகச் சொல்லியிருந்தால் பரவாயில்லை. தப்புச் செய்த ஆள் மாதிரி தலையைக் குனிந்துகொண்டு சொன்னார். எழுபத்து மூன்று வயது வரைக்கும் ஊரே சேர்ந்து குனியவைக்க முடியாத தலை அது. மகள் மேல் வைத்த நம்பிக்கை குனியவைத்துவிட்டது. எந்தத் திருடனாவது ஒரு வீட்டிலிருந்து இவ்வளவு எடுத்துக்கொண்டு போயிருப்பானா? யார் கடற்கொள்ளைக்காரன் என்று எனக்குக் கேட்கத் தோன்றுகிறது.

பொற்கொடி கல்லூரிக்குப் போனாள், வந்தாள், சமைத்தாள். வகுப்பில் இப்போதெல்லாம் புத்தகத்தைப் பார்த்துப் படித்துவிட்டு வந்துவிடுவதாக ஒருநாள் சொன்னாள். எதிராளி பக்கம், நம் பக்கம் எதுவும் இல்லையாம். பிள்ளைகள் கொட்டாவி விடுகிறார்களாம். எங்கள் வீட்டில் மூன்று வாரம் யாரும் யாரிடமும் சத்தமாகப் பேசவில்லை. டிவியைப் போடவில்லை. மாமா என்னோடு நாலு வார்த்தை, அவளோடு ஒரு வார்த்தை, அதுவும் “சாப்பிட்டன்” என்பது.

ஆடி அமாவாசைக்கு முந்தின நாள் மத்தியானம். எனக்குக் காலை ஷிப்ட், மூன்று மணிக்கு வீட்டுக்கு வந்தேன். ஆடிக் காற்று எங்கள் வீட்டுப் பின்கதவை அறைந்துகொண்டே இருக்கும். அன்று அறையவில்லை. பொற்கொடி கதவருகில் நின்று கீழே பார்த்துக்கொண்டிருந்தாள். கதவு அசையாமல் இருக்க, அடியில் ஒரு மரத்துண்டு சொருகியிருந்தது. ஒளிபரப்புக்கு முன்னால் மாமா செதுக்க ஆரம்பித்திருந்த படகு. முன்முனையான அணியம் முடிந்திருந்தது, பின்பக்கம் இன்னும் சதுரப் பலகை. நல்ல சரிவாக இருந்ததால் கதவுக்கு முட்டுக்கொடுக்க வசதியாகப் போயிருக்கிறது.

மாமா உள்ளறையில் சுவரைப் பார்த்துப் படுத்திருந்தார். பொற்கொடி அலமாரியிலிருந்து கோப்பை எடுத்தாள். அதிலிருந்த காகிதக் கட்டைப் பிரித்து, மேலே இருந்த குற்றச்சாட்டுக் கடிதத்தை எடுத்துத் தரையில் போட்டாள். இத்தனை வருடத்தில் அந்தக் கடிதத்தை அவள் தரையில் வைத்து நான் பார்த்ததில்லை. ஒரே ஒரு தாளோடு உள்ளே போனாள். ஆரம்பம், முன்கதை எதுவும் சொல்லவில்லை.

“அப்பா, படகு நம்மளுது.”

தாளை அவர் தோளுக்கு மேலே நீட்டினாள்.

“நாகமுத்து எடுத்துட்டுப் போனது அவரோட சொந்தப் படகுப்பா. கம்பெனிக்காரன் புடுங்கி வெச்சிருந்தான். கூலி இல்லாம சரக்கு ஏத்த மாட்டேன்னு சொன்னாரு, அதுக்காகப் புடுங்கினான். அவர் திருப்பி எடுத்துகிட்டாரு. அவனே எழுதி வெச்சிருக்கான். இது அந்தக் காகிதத்தோட நகல்.”

மாமா எழுந்து உட்கார்ந்தார். தாளை வாங்கினார். அவருக்கு இங்கிலீஷ் தெரியாது.

“தாத்தன் பேரு எங்க இருக்கு?”

விரலை வைத்துக் காட்டினாள். அந்த இடத்தில் தன் விரலை வைத்துக்கொண்டு ரொம்ப நேரம் பார்த்தார்.

“படகத் திருப்பிக் குடுக்கறோம்னு எங்கப்பன் சொல்லும். எதுக்குன்னு அதுக்கும் தெரியாது” என்றார். பிறகு தலையை நிமிர்த்தினார். “இது எப்பக் கெடச்சுது?”

“டிசம்பர்ல.”

“டிசம்பர்ல கெடச்சத ஆடி மாசம் சொல்றியா?”

“ஊருக்கே சொல்லலாம்னு இருந்தேன்பா.”

“ஊரு கெடக்குது மயிரு! ஏன் புள்ள, உன் தாத்தனத் தூக்குல போட்டவன் பேச்ச நீ ஏன் மொதல்ல பேசுன? அவன் பேச்சப் பேச அவனுக்கு வாய் இல்லயா? முன்னூறு வருசமா அவந்தான பேசிகிட்டுருக்கான்! உனக்குக் கெடச்ச நேரத்துலயும் அவனையே பேச உட்டியே!”

நான் குறுக்கே போகவில்லை. பொற்கொடி தலையாட்டினாள். “தப்புதான்பா” என்றாள். திட்டு வாங்குகிற முகமாக அது இல்லை. மூன்று வாரமாக யாராவது ஒருவர் இதைக் கேட்க மாட்டார்களா என்று காத்திருந்த முகம். மாமா விடவில்லை. டிவிக்காரனைத் திட்டினார், கறுப்புத் துணி கட்டிய ஜிம்காரனைத் திட்டினார், படிக்காமல் கையெழுத்துப் போட்ட என்னைத் திட்டினார், சுண்டலைத் தின்னாமல் போன எட்டுப் பேரையும் பெயர் சொல்லித் திட்டினார். காளியம்மாள் என்னவோ ஏதோ என்று படியேறி வந்துவிட்டார். நான் சுவரில் சாய்ந்து நின்று கேட்டுக்கொண்டிருந்தேன். அவ்வளவு நல்ல திட்டை நான் என் வாழ்நாளில் கேட்டதில்லை.

“அந்தக் கமலக்கண்ணனுக்குப் போனப் போடுங்க மாப்ள. நாளைக்கு அவனும் ஒகேனக்கல் வரணும். பஸ்ஸுல இவ அவனுக்கு இந்தக் காகிதத்தப் படிச்சுக் காட்டட்டும்.” மகளைப் பார்த்து விரலை நீட்டினார். “இதுலேருந்து ஆரம்பி. மத்தது கேட்டான்னாப் பாத்துக்கலாம்.”

சொல்லிக்கொண்டே பின்கட்டுக்குப் போய், கதவடியிலிருந்து படகை உருவினார். கதவு காற்றில் படாரென்று அறைந்து சாத்திக்கொண்டது. அதைத் திறக்க யாரும் போகவில்லை. பொற்கொடி போன் போட்டுக்கொண்டிருந்தாள், நான் உளியைத் தேடிக்கொண்டிருந்தேன். பாதிதான் செதுக்கியிருந்தது, விடிவதற்குள் மீதியை முடிக்க வேண்டும்.